வெட்டப்படாத ஒரு பிரதி

நாங்கள் நடத்தும் மாலைநேரப் படிப்பகத்துக்கு வரும் கல்லூரி மாணவர் ஒருவர், தன் கைப்பேசியிலேயே ஒரு குறும்படம் எடுத்திருக்கிறார். 22 நிமிடம் ஓடுகிறது. காலனியில் தனியாக வாழும் அவருடைய பாட்டியின் ஒரு நாள்தான் கதை. பாட்டி நூறு நாள் வேலைக்குப் போகிறார், திரும்பி வருகிறார், ரேஷன் அரிசியில் கல் பொறுக்குகிறார், தாத்தாவின் பழைய போட்டோவை மாட்டுவதற்கு ஆணி தேடுகிறார். சாதி என்ற சொல் படத்தில் ஓரிடத்தில்கூட வரவில்லை. ஆனால், டீக்கடை முன்பாகப் பாட்டி நிற்கும் காட்சி ஒன்று உண்டு. அவர் எங்கே நிற்கிறார், எவ்வளவு நேரம் நிற்கிறார் என்பதிலேயே எல்லாம் தெரிந்துவிடுகிறது.

யூடியூப் சேனல் நடத்தும் ஒருவர் அந்தப் படத்தைக் கேட்டிருக்கிறார். மூன்று நிபந்தனைகள். படத்தை 9 நிமிடமாகக் குறைக்க வேண்டும். தொடக்கத்தில் ஒரு வெட்டுக்குத்துக் காட்சி சேர்க்க வேண்டும். தலைப்பை அவர்களே வைத்துக்கொள்வார்கள். மாணவர் எங்களிடம் வந்து கேட்டார்: "கொடுத்திடட்டுமா அண்ணா? கொடுக்கலன்னா யாருமே பார்க்க மாட்டாங்களே?"

அந்தக் கேள்விக்கு எங்களால் உடனே பதில் சொல்ல முடியவில்லை. 'கொடுக்காதே' என்று சொல்வது எளிது. ஆனால், பார்க்க ஆளில்லாத படத்தின் வலியை அவர்தானே சுமக்க வேண்டும்? அன்று மாலை படிப்பகத்தில் அமெரிக்கக் கறுப்பினக் கலைஞர் ஒருவரின் கதையைப் பேசினோம். அவர் பெயர் பில் கன். நடிகர், நாடக ஆசிரியர், நாவலாசிரியர், இயக்குநர். சினிமா படிக்கும் மாணவர்களில்கூடப் பலர் கேள்விப்பட்டிராத பெயர் அது. இந்தப் பத்தியின் வாசகர்களுக்கும் அதைச் சொல்ல விரும்புகிறோம்.

கல்லாப்பெட்டி திறந்த கதவு

பில் கன் பிலடெல்பியா நகரத்தில் பிறந்தவர். நடிகராகும் ஆசையோடு நியூயார்க் வந்தார். 1954 இல் பிராட்வேயில் நடந்த 'தி இம்மாரலிஸ்ட்' நாடகத்தில் அவருக்குக் கிடைத்தது மாற்று நடிகர் வேலை. அதாவது, மேடையில் நடிப்பவருக்கு உடம்பு சரியில்லாமல் போனால் மட்டுமே இவருக்கு வாய்ப்பு. அந்த வேடம் ஓர் அரபு இளைஞனுடையது. மேடையில் அந்த வேடத்தை ஏற்றவர் வெள்ளையரான ஜேம்ஸ் டீன். திரைக்குப் பின்னால் காத்திருந்தவர் கறுப்பரான பில் கன். இருவரும் நண்பர்கள் ஆனார்கள். டீன் அடுத்த ஆண்டே உலகப் புகழ் பெற்ற நட்சத்திரம் ஆனார். கன் தொலைக்காட்சித் தொடர்களில் சிறு வேடங்கள் செய்துகொண்டு, இரவுகளில் எழுதிக்கொண்டிருந்தார்.

எழுத்துதான் அவரைச் சினிமாவுக்குள் கொண்டுபோனது. 1970 இல் ஹால் ஆஷ்பி இயக்கிய 'தி லேண்ட்லார்டு' படத்துக்குத் திரைக்கதை எழுதினார். கறுப்பர்கள் குடியிருக்கும் வீட்டை ஒரு பணக்கார வெள்ளை இளைஞன் விலைக்கு வாங்கி, குடியிருப்பவர்களை வெளியேற்ற நினைக்கும் கதை அது. அதே காலத்தில் வார்னர் பிரதர்ஸ் நிறுவனத்துக்காக 'ஸ்டாப்' என்ற படத்தை அவரே இயக்கினார். பெரிய ஸ்டூடியோ ஒன்றுக்காகக் கறுப்பர் ஒருவர் படம் இயக்குவது அப்போதுதான் தொடங்கியிருந்தது. அதற்கு முந்தைய ஆண்டில்தான் கார்டன் பார்க்ஸ் அந்தக் கதவைத் திறந்திருந்தார். ஆனால், பில் கன் எடுத்த படத்தை நிறுவனம் வெளியிடவே இல்லை. டப்பாவுக்குள் வைத்து மூடிவிட்டது.

அடுத்து நடந்ததைப் புரிந்துகொள்ள, அந்தக் காலத்து அமெரிக்கத் திரையரங்குகளைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். 'எக்ஸ்பிளாய்டேஷன்' படங்கள் என்று ஒரு வகை உண்டு. குறைந்த செலவில், குறுகிய நாட்களில் எடுத்து, ரத்தம், அடிதடி, நிர்வாணம் என ஏதாவது ஒரு பரபரப்பைப் போஸ்டரில் காட்டி விற்கும் படங்கள் அவை. அந்த ஆங்கிலச் சொல்லுக்குச் சுரண்டல் என்றும் பொருள் உண்டு.

1971 இல் மெல்வின் வான் பீபிள்ஸ் தன் கைக்காசையும் கடனையும் போட்டு எடுத்த 'ஸ்வீட் ஸ்வீட்பேக்' படமும், கார்டன் பார்க்ஸின் 'ஷாஃப்ட்' படமும் வசூலைக் குவித்தன. நகரங்களில் வாழும் கறுப்பின மக்கள் டிக்கெட் வாங்க வரிசையில் நிற்கிறார்கள் என்று ஹாலிவுட் கண்டுகொண்டது. உடனே கறுப்பு நாயகன், துப்பாக்கி, போதை மருந்து, பழிவாங்கல் என்று ஒரே அச்சில் படங்கள் வரத் தொடங்கின. 1972 இல் நிறவெறி எதிர்ப்பு அமைப்பான என்.ஏ.ஏ.சி.பி.யின் ஹாலிவுட் கிளைத் தலைவர் ஜூனியஸ் கிரிஃபின் இவற்றுக்கு 'பிளாக்ஸ்பிளாய்டேஷன்' என்று பெயர் வைத்தார். கறுப்பர்களைக் காட்டிக் கறுப்பர்களிடமே காசு பறிப்பது என்பது அவருடைய குற்றச்சாட்டு.

ஆனால், இதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. வேலைக்காரி, காவல்காரன் வேடங்களைத் தவிர வேறு எதுவும் கிடைக்காத நடிகர்களுக்கு இந்தப் படங்கள்தாம் முதல் முறையாக நாயகன், நாயகி வேடம் கொடுத்தன. கறுப்பின ஒளிப்பதிவாளர்களுக்கும் இசைக்கலைஞர்களுக்கும் சம்பளம் கிடைத்தது. திரையில் கறுப்பன் வெள்ளைப் போலீஸை அடித்தபோது கொட்டகையில் எழுந்த விசில் சத்தம் பொய்யானது அல்ல. கல்லாப்பெட்டிக்காகத் திறந்த கதவுதான். ஆனாலும் அதன் வழியாக உள்ளே போனவர்கள் நிஜமான மனிதர்கள்.

கேட்டது பேய்ப் படம்

1972 இல் 'பிளாகுலா' வந்தது. கறுப்பு ரத்தக் காட்டேரி கதை. நன்றாக ஓடியது. நியூயார்க்கில் இருந்த கெல்லி-ஜோர்டான் என்ற சிறு தயாரிப்பு நிறுவனம் தனக்கும் அப்படி ஒன்று வேண்டும் என்று நினைத்தது. பில் கன்னை அழைத்து 3,50,000 டாலர் செலவில் ஒரு கறுப்பு ரத்தக் காட்டேரிப் படம் எடுத்துத் தரச் சொன்னது. பேய்ப் படத்தில் அவருக்கு ஆர்வம் கிடையாது. ஆனால், காசு இருக்கிறது, கேமரா இருக்கிறது, நடிகர்கள் இருக்கிறார்கள். ஒப்புக்கொண்டார்.

அவர் எடுத்த படத்தின் பெயர் 'கஞ்சா அண்ட் ஹெஸ்'. ஹெஸ் கிரீன் என்பவர் செல்வமும் படிப்பும் மிக்க கறுப்பின மானுடவியலாளர். ரத்தம் குடிக்கும் பழைய ஆப்பிரிக்க நாகரிகம் ஒன்றை ஆராய்ந்துகொண்டிருப்பவர். அவருடைய உதவியாளர் ஜார்ஜ் மேடா ஒருநாள் மனம் பேதலித்து, அந்த நாகரிகத்தின் கத்தியாலேயே அவரைக் குத்திவிட்டுத் தன்னையும் சுட்டுக்கொள்கிறார். ஹெஸ் சாகவில்லை. ரத்த வெறி பிடித்த, சாவே இல்லாத மனிதராக எழுகிறார். மேடாவைத் தேடிக்கொண்டு அவருடைய மனைவி கஞ்சா வருகிறார். கஞ்சா என்பது இங்கே ஒரு பெண்ணின் பெயர். கணவரின் உடலை நிலவறையில் கண்டுபிடித்த பிறகும் அவர் ஹெஸ்ஸை மணக்கிறார்.

'வேம்பையர்' என்ற சொல் படத்தில் ஓரிடத்திலும் இல்லை. ரத்தத் தாகத்தை ஒரு பழக்க அடிமைத்தனமாகவே பில் கன் காட்டினார். பணம் சேர்ந்த பிறகும், பட்டம் பெற்ற பிறகும், வெள்ளையரின் உலகம் ஊட்டிய ஏதோ ஒன்றுக்கு அடிமையாகிக் கிடப்பவனின் கதை அது. கடைசியில் ஹெஸ் கறுப்பு மக்களின் தேவாலயத்துக்குப் போகிறார். அந்த ஆராதனையும் பாட்டும் அந்தப் பகுதி மக்களின் முகங்களும் ஒரு பேய்ப் படத்துக்குத் தேவையே இல்லாத அளவு நீளமாகக் காட்டப்படுகின்றன. அந்தத் தேவாலயத்தின் போதகராக நடித்ததோடு படத்துக்கு இசையும் அமைத்தவர், புகழ் பெற்ற பாடகி நீனா சிமோனின் தம்பி சாம் வேமன்.

ஜார்ஜ் மேடாவாக நடித்தவர் பில் கன்னே. அவர் வரும் காட்சி ஒன்றைப் படிப்பகத்தில் போட்டுக் காட்டினோம். மேடா தூக்குப் போட்டுக்கொள்ளக் கயிற்றோடு மரத்தில் ஏறி உட்கார்ந்திருக்கிறார். கீழே நின்று ஹெஸ் அவரிடம் பேசுகிறார். அந்தப் பகுதியில் இருக்கும் ஒரே கறுப்பர் தான்தான் என்றும், தன் வீட்டு மரத்தில் ஒரு பிணம் தொங்கினால் போலீஸ் தன்னைத்தான் இழுத்துப் போகும் என்றும் பதற்றம் இல்லாமல் சொல்கிறார். பெரிய மாளிகை, கார், வேலைக்காரர் எல்லாம் இருக்கின்றன. ஆனாலும் அந்தப் பயம் போகவில்லை. படிப்பகத்தில் இதைப் பார்த்த மாணவி ஒருவர், "எங்க மாமா தாசில்தார் ஆபீஸ்ல பெரிய வேலையில இருக்கார். ஊருக்கு வந்தா இப்படித்தான் பேசுவார்" என்றார். வேறு யாரும் விளக்கம் கேட்கவில்லை.

ஹெஸ்ஸாக நடித்த டுவேன் ஜோன்ஸ் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். 1968 இல் ஜார்ஜ் ரொமேரோ மிகச் சிறிய செலவில் எடுத்த 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்' படத்தின் நாயகன் அவர்தான். அந்தப் படத்தில் இரவு முழுவதும் பிணங்களோடு போராடி உயிர் பிழைக்கும் கறுப்பனைக் காலையில் 'காப்பாற்ற' வரும் வெள்ளையர் கூட்டம் சுட்டுக் கொல்கிறது. மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்ட அதே ஆண்டில் அந்தப் படம் வெளிவந்தது. உலகம் முழுவதும் கோடிக்கணக்கானோர் பார்த்த முகம் டுவேன் ஜோன்ஸ். ஆனால், அதன் பிறகு அவருக்குக் கிடைத்த பெரிய வேடங்கள் மிகச் சில. வாழ்வின் பெரும்பகுதியை நாடகம் கற்பிக்கும் ஆசிரியராகவே கழித்தார்.

வெட்டினார்கள், பெயர் மாற்றினார்கள்

1973 இல் 'கஞ்சா அண்ட் ஹெஸ்' பிரான்சின் கான் திரைவிழாவில், விமர்சகர் வாரம் என்ற பிரிவில் திரையிடப்பட்டது. நல்ல வரவேற்பு. நியூயார்க்கில் கதை வேறு. பெரிய பத்திரிகைகளின் வெள்ளை விமர்சகர்கள் படம் புரியவில்லை என்று ஒதுக்கினார்கள். தயாரிப்பாளர்கள் எதிர்பார்த்த பேய்ப் படமாகவும் அது இல்லை. சில நாட்களிலேயே திரையரங்கிலிருந்து படம் எடுக்கப்பட்டது.

பில் கன் பேசாமல் இருக்கவில்லை. அந்த மே மாதமே 'நியூயார்க் டைம்ஸ்' ஏட்டுக்கு ஒரு கடிதம் எழுதினார். கறுப்பரின் படைப்பைக் காது கொடுத்துக் கேட்கவும் அதிலிருந்து கற்கவும் மனமில்லாத விமர்சகர் அதன்மேல் தீர்ப்பு எழுத வர வேண்டாம் என்பது அதன் சாரம். பத்திரிகை அதை வெளியிட்டது. படம் திரும்பவில்லை.

தயாரிப்பாளர்கள் படத்தை வேறொரு விநியோக நிறுவனத்துக்கு விற்றார்கள். அந்த நிறுவனம் 110 நிமிடங்களுக்கு மேல் ஓடிய படத்தை வேறு ஆளை வைத்து வெட்டி, 78 நிமிடமாக்கியது. ஆராதனைகளும் மௌனங்களும் போயின. ரத்தம் நின்றது. தலைப்பு 'பிளட் கப்பிள்' ஆனது. பிறகு 'டபுள் பொசஷன்', 'பிளாக் ஈவில்' என்று ஊருக்கு ஊர், விநியோகஸ்தருக்கு விநியோகஸ்தர் பெயர் மாறியது. பில் கன் தன் பெயரை அதிலிருந்து நீக்கிக்கொண்டார். மூல நெகடிவே வெட்டப்பட்டுவிட்டதால், அவர் எடுத்த படம் அத்தோடு அழிந்திருக்க வேண்டியதுதான்.

அழியவில்லை. காரணம், நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் வெட்டப்படாத பிரதி ஒன்று இருந்தது. அங்கே அவ்வப்போது நடந்த திரையிடல்களில் கொஞ்சம் பேர் அதைப் பார்த்தார்கள். பார்த்தவர்கள் பேசினார்கள், எழுதினார்கள். பல ஆண்டுகள் கழித்து அந்தப் பிரதியைக் கொண்டே படம் சீரமைக்கப்பட்டது. 2014 இல் ஸ்பைக் லீ இதே கதையை 'டா ஸ்வீட் பிளட் ஆஃப் ஜீசஸ்' என்ற பெயரில் மறுபடி எடுத்தார். இன்று அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் பாடமாகப் பேசப்படுவது 'பிளட் கப்பிள்' அல்ல, 'கஞ்சா அண்ட் ஹெஸ்'.

இதில் எதையும் பில் கன் பார்க்கவில்லை. 1970-களின் நடுவில் ஹாலிவுட் இன்னொன்றையும் கண்டுகொண்டது. கறுப்பின மக்கள் 'காட்ஃபாதர்', 'எக்ஸார்சிஸ்ட்' போன்ற படங்களுக்கும் கூட்டமாக வருகிறார்கள். அப்படியானால் அவர்களுக்கென்று தனிப் படம் எதற்கு? கதவு மூடிக்கொண்டது. உள்ளே போனவர்களில் பலர் வெளியே நின்றார்கள். கதவு கல்லாப்பெட்டியின் கதவாக இருந்ததால், அதை மூடுவதற்கு யாரும் காரணம் சொல்லவேண்டியிருக்கவில்லை.

பில் கன் நிறுத்தவில்லை. நாடகம் எழுதினார். திரையுலகில் தான் பட்டதை வைத்து 1981 இல் ஒரு நாவல் எழுதினார். எழுத்தாளர்கள் இஷ்மாயில் ரீடு, ஸ்டீவ் கேனன் ஆகியோருடன் சேர்ந்து 1980 இல் 'பெர்சனல் ப்ராப்ளம்ஸ்' என்ற வீடியோ தொடரை இயக்கினார். ஹார்லெம் மருத்துவமனையில் வேலை செய்யும் ஒரு பெண்ணின் குடும்ப வாழ்க்கை அது. துப்பாக்கி இல்லை, போதைக் கடத்தல் இல்லை. சமையலறை, சண்டை, சாவு வீடு, அக்கம்பக்கம். ஒளிபரப்ப எந்தப் பெரிய தொலைக்காட்சியும் முன்வரவில்லை. 1982 இல் கேத்லீன் காலின்ஸ் என்ற கறுப்பினப் பெண் இயக்கிய 'லூசிங் கிரவுண்ட்' படத்தில் ஓவியராக நடித்தார். டுவேன் ஜோன்ஸும் அதில் உண்டு. அந்தப் படமும் அப்போது திரையரங்குகளுக்கு வரவில்லை.

1988 ஜூலையில் டுவேன் ஜோன்ஸ் இறந்தார். செப்டம்பரில் கேத்லீன் காலின்ஸ் இறந்தார். 1989 ஏப்ரலில் பில் கன் இறந்தார். அவர் எழுதிய புதிய நாடகம் நியூயார்க்கில் மேடையேற ஒருநாள் இருக்கும்போது அந்த மரணம் நேர்ந்தது. ஓர் ஆண்டுக்குள் மூவரும் போய்விட்டார்கள். காலின்ஸின் மகள் பாதுகாத்து மீட்டதால் 'லூசிங் கிரவுண்ட்' 2015 இல் திரைக்கு வந்தது. 'பெர்சனல் ப்ராப்ளம்ஸ்' 2018 இல் வெளிவந்தது.

நமக்கு இதில் என்ன?

தலித் பத்தியில் அமெரிக்கக் கதை எதற்கு என்று கேட்பவர்கள் இருக்கலாம். இந்த உறவு நாம் இன்று கற்பனை செய்துகொண்டது அல்ல. அண்ணல் அம்பேத்கர் 1913 முதல் 1916 வரை படித்த கொலம்பியா பல்கலைக்கழகம், ஹார்லெமை ஒட்டி இருக்கிறது. 1946 இல் கறுப்பின அறிஞர் டூபாய்ஸுக்கு அவர் கடிதம் எழுதினார். ஐ.நா.வுக்குக் கறுப்பினத்தவர் அளித்த மனுவின் நகலைக் கேட்டார். பதிலும் வந்தது. 1972 இல், பில் கன் கேமராவோடு நின்ற அதே ஆண்டில், மும்பையில் தலித் இளைஞர்கள் கருஞ்சிறுத்தைகளின் பெயரிலிருந்து தங்கள் இயக்கத்துக்குப் பெயர் எடுத்தார்கள்.

ஒரு பிரதி காப்பாற்றப்படுவதன் அருமை நமக்கும் தெரியும். 1907 இல் அயோத்திதாசப் பண்டிதர் தொடங்கிய 'ஒரு பைசாத் தமிழன்' இதழின் பிரதிகளைச் சிலர் தங்கள் வீடுகளில் தலைமுறை தாண்டிப் பாதுகாத்தார்கள். அதனால்தான் 1999 இல் ஞான. அலாய்சியஸ் அவற்றைத் தொகுக்க முடிந்தது. பாளையங்கோட்டையிலிருந்து அந்தத் தொகுதிகள் வெளிவந்த பிறகுதான் பண்டிதர் என்ன எழுதினார் என்று தமிழ்நாடு பரவலாகப் படித்தது. அதுவரை ஏறத்தாழ 85 ஆண்டுகள், பெரும்பாலானோருக்கு அவர் ஒரு பெயர் மட்டும்தான்.

இனி, மாணவரின் கேள்விக்கு வருவோம். 'விற்காதே' என்று நாங்கள் சொல்லவில்லை. பில் கன்னும் சந்தையின் காசில்தான் படம் எடுத்தார். ஆனால், விற்பதற்கு முன் தெரிந்துகொள்ள வேண்டியவை சில உண்டு. படம் எடுக்கும் எல்லா மாணவர்களுக்கும் இவை உதவும்.

நம்முடைய 1957 ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு படத்தின் ஆசிரியராகக் கருதப்படுபவர் இயக்குநர் அல்ல, தயாரிப்பாளர். மாணவர் தன் காசிலும் பொறுப்பிலும் எடுத்திருந்தால் அவரே தயாரிப்பாளர், அவரே உரிமையாளர். இன்னொருவர் காசு போட்டிருந்தால் நிலைமை மாறிவிடும். சட்டத்தின் 19 ஆம் பிரிவுப்படி உரிமை மாற்றம் எழுத்தில், கையெழுத்தோடு இருந்தால்தான் செல்லும். எத்தனை ஆண்டு என்று எழுதாவிட்டால் 5 ஆண்டு என்றே கொள்ளப்படும். எந்த இடத்துக்கு என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும். 57 ஆம் பிரிவு இன்னும் முக்கியமானது. உரிமையை விற்ற பிறகும், படைப்பு தன்னுடையது என்று சொல்லிக்கொள்ளவும், தன் மதிப்புக்கு ஊறு செய்யும்படி அதைச் சிதைத்தால் எதிர்க்கவும் ஆசிரியருக்கு உரிமை உண்டு. எனவே 'வாட்ஸ்அப்பில் ஓகே சொன்னேன்' என்ற அளவில் எதையும் கொடுக்காதீர்கள். எத்தனை நிமிடம், என்ன தலைப்பு, யார் பெயர் என்பதை எழுதி வாங்குங்கள்.

எல்லாவற்றுக்கும் மேலாக, வெட்டப்படாத பிரதி ஒன்றை உங்கள் கையில் இல்லாத வேறோர் இடத்திலும் வையுங்கள். கைப்பேசி உடையும். சேனல் மூடப்படும். பில் கன்னை மீட்டது ஒரு விருது அல்ல, ஒரு தயாரிப்பாளரின் மனமாற்றமும் அல்ல. ஒரு பெட்டியில் இருந்த படச்சுருள்.

மாணவர் இன்னும் சேனல்காரருக்குப் பதில் சொல்லவில்லை. ஆனால், 22 நிமிடப் படத்தை இரண்டு பென்டிரைவில் ஏற்றிவிட்டார். ஒன்று அவர் வீட்டில் இருக்கிறது. இன்னொன்று படிப்பகத்தின் பீரோவில், பெயரும் தேதியும் எழுதிய உறைக்குள் இருக்கிறது. வரும் ஞாயிற்றுக்கிழமை மாலை காலனித் திடலில் வேட்டி கட்டி அந்தப் படத்தைப் போடப்போகிறோம். முதல் வரிசையில் பாட்டிக்கு நாற்காலி.